உறங்கும் உறுதிகளும் ஓடும் காலமும்

டொரோன்டோவிலும் இலண்டனிலும் பாரிசிலும் சிட்னியிலும் வாழும் ஈழத்தமிழ்க் குடும்பங்கள் பலவற்றின் அலுமாரிகளுக்குள் பழுப்பேறிய காணி உறுதிகள் உறங்கிக் கொண்டிருக்கின்றன. ஊரைவிட்டு வெளிக்கிட்ட அவசரத்தில் நகையை மறந்தவர்கள் உண்டு. குடும்பப் படங்களை விட்டு வந்தவர்கள் உண்டு. உறுதியை விட்டு வந்தவர்கள் குறைவு. உறுதி கையில் இருக்கும் வரை காணியும் கையில் இருக்கிறது என்பது பெற்றோரின் நம்பிக்கை. அந்தக் காணியின் பெயர் என்ன, எத்தனை பரப்பு, வடக்கெல்லையில் யார் இருக்கிறார் என்பது பிள்ளைகளுக்குத் தெரியாது.

பெற்றோரின் அந்த நம்பிக்கை பாதி மட்டுமே உண்மையானது. காணிப் பிணக்கு நீதிமன்றத்துக்கு வரும்போது அங்கே இரண்டு விடயங்கள் எடைபோடப்படுகின்றன. ஒன்று ஆவணம், மற்றையது காலம். ஆவணத்தைப் பத்திரமாகக் காத்த புலம்பெயர் சமூகம், காலத்தைக் கணக்கில் எடுக்கத் தவறிவிட்டது. போரினால் வெளியேறியவர்களின் காணிகள் தொடர்பில் சட்டம் தரும் அவகாசம் முடிவை நெருங்கிக் கொண்டிருக்கும் இக்காலகட்டத்தில், இதனை வெளிப்படையாகப் பேசுவது அவசியமாகிறது.

பதிவேடு எதைச் சொல்கிறது, எதைச் சொல்வதில்லை

இலங்கையில் காணியைக் கைமாற்றும் எந்த ஆவணமும் நொத்தாரிசு ஒருவர் முன்னிலையில், இரண்டு சாட்சிகளுடன் கையொப்பமிடப்பட வேண்டும் என்பது 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க மோசடிகள் தடுப்புக் கட்டளைச் சட்டத்திலிருந்து வரும் விதியாகும். அவ்வாறு முடிக்கப்படும் உறுதி மூன்று இடங்களில் வாழ்கிறது. மூல உறுதி காணிச் சொந்தக்காரரிடம் இருக்கும். நொத்தாரிசிடம் ஒரு பிரதி இருக்கும். இன்னொரு பிரதியை நொத்தாரிசு காணிப் பதிவகத்துக்கு அனுப்பிவைப்பார். எனவே இடப்பெயர்விலோ 2004 ஆம் ஆண்டின் ஆழிப்பேரலையிலோ மூல உறுதியை இழந்தவர்கள் காணியையே இழந்துவிட்டதாக எண்ணிச் சோர்ந்துவிட வேண்டியதில்லை. உறுதி இலக்கம், திகதி, நொத்தாரிசின் பெயர் ஆகிய மூன்றில் ஒன்றேனும் தெரிந்திருந்தால் தேடலைத் தொடங்க முடியும்.

ஆயினும் காணிப் பதிவேட்டின் இயல்பைச் சரியாகப் புரிந்துகொள்ளல் வேண்டும். 1927 ஆம் ஆண்டின் 23 ஆம் இலக்க ஆவணங்கள் பதிவுக் கட்டளைச் சட்டத்தின்படி பதியப்படுவது ஆவணமே ஒழிய உரித்து அன்று. கணினித் துறையில் பணிபுரியும் இளைஞர்களுக்கு இதனை எளிதாக விளக்கலாம். தன்னிடம் வந்து சேர்ந்த தகவலை வந்த ஒழுங்கிலேயே பதிந்து வைக்கும் தரவுத்தளம் ஒன்றை நினைத்துப் பார்க்கட்டும். வந்த தகவல் மெய்யா பொய்யா என்பதை அத்தரவுத்தளம் சோதிப்பதில்லை. காணிப் பதிவேடும் அத்தகையதே. விற்க உரிமையற்ற ஒருவர் எழுதிக் கொடுத்த உறுதியும் அதில் ஏறிவிடக் கூடும். ஏறிய பின்னர் அதனை நீக்குவதற்கு நீதிமன்றத்தின் தீர்ப்பு வேண்டும்.

இன்னுமொரு விதி பலருக்குத் தெரியாது. ஒரே சொந்தக்காரரிடமிருந்து ஒரே காணிக்கு இரண்டு உறுதிகள் எழுதப்பட்டு, முந்திய உறுதி பதியப்படாமல் இருக்க, பிந்திய உறுதி பெறுமதி கொடுத்துப் பெறப்பட்டு முதலில் பதியப்பட்டால், மோசடியோ கூட்டுச்சதியோ இல்லாதவிடத்து, பதியப்பட்ட பிந்திய உறுதியே மேலோங்கும். "அப்பா வாங்கினவர், உறுதி இருக்கு" என்று சொல்வது போதாது. அந்த உறுதி பதியப்பட்டதா, எந்தத் தொகுதியில் எந்தப் பக்கத்தில் பதியப்பட்டது, அதன் பின்னர் அப்பக்கத்தில் வேறு ஏதேனும் ஏறியிருக்கிறதா என்பனவற்றை அறிய வேண்டும். காணிப் பதிவகத்தில் பதிவேட்டுப் பிரதிக்கு விண்ணப்பித்தால் இவை யாவும் ஒரே தாளில் தெரிந்துவிடும். காணி தொடர்பில் புதிய ஆவணம் எதுவும் பதிவுக்கு வந்தால் தமக்கு அறிவிக்குமாறு முன்கூட்டியே கோரும் கேவியற் என்னும் ஏற்பாடும் அதே சட்டத்தில் உண்டு.

யாழ்ப்பாணத்துக் காணிகளில் இவற்றுடன் தேசவழமையும் சேர்ந்து கொள்கிறது. ஒல்லாந்தர் ஆட்சியில் 1707 இல் தொகுக்கப்பட்டு, ஆங்கிலேயர் ஆட்சியில் 1806 இல் சட்டவலுப் பெற்ற இவ்வழமை, முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்று ஆதனத்தை வகுக்கிறது. மரணசாதனம் எழுதாமல் ஒருவர் இறந்தால், இவ்வகைப்பாட்டின்படியே பங்குகள் இறங்குகின்றன. பாட்டனாரின் பத்துப் பரப்புக் காணி இரண்டு தலைமுறைக்குள் ஐந்து நாடுகளில் வாழும் இருபது பேருக்குரிய பிரிக்கப்படாத பங்குகளாகிவிடுகிறது. ஒவ்வொருவரும் மற்றவர் பார்த்துக் கொள்வார் என்று இருந்துவிட, எவரும் பார்ப்பதில்லை.

சட்டத்தின் கடிகாரம்

1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்க ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம் என்பது ஒவ்வொரு புலம்பெயர் குடும்பமும் அறிந்திருக்க வேண்டிய சட்டமாகும். ஒருவர் ஒரு காணியை, உரிமையாளரின் உரித்துக்கு மாறாக, வேறெவருடைய உரிமையையும் ஏற்றுக்கொள்ளாமல், இடையூறின்றித் தொடர்ந்து 10 ஆண்டுகள் ஆண்டுவந்தால், நீதிமன்றம் அக்காணியை அவருக்கே உரியதெனத் தீர்ப்பளிக்கலாம் என்பது இதன் 3 ஆம் பிரிவின் சாரம். உறுதி ஒருவரிடமும் காணி இன்னொருவரிடமும் போய்ச் சேர்வது இவ்வழியாகத்தான்.

கடல் கடந்து வாழ்வோருக்கு இச்சட்டம் ஒரு பாதுகாப்பைத் தருகிறது. வழக்காடும் உரிமை முதன்முதலில் எழுந்த வேளையில் உரிமையாளர் நாட்டுக்கு வெளியே இருந்திருந்தால், அந்நிலை நீடிக்கும் வரை பத்து ஆண்டுக் கணக்குத் தொடங்காது என்று 13 ஆம் பிரிவு கூறுகிறது. இந்தப் பிரிவைப் பற்றிக் கேள்விப்பட்ட பலர், "வெளிநாட்டில் இருப்பவரின் காணியை எவரும் பிடிக்க முடியாது" என்று ஆறுதல் கொள்கின்றனர். அந்த ஆறுதலில் மூன்று ஓட்டைகள் உள்ளன.

முதலாவது, காணியை மற்றவர் தமதாக்கி ஆளத் தொடங்கிய அன்று உரிமையாளர் எங்கே இருந்தார் என்பது முக்கியமானது. அவர் அன்று கொழும்பிலோ வன்னியிலோ இருந்து, பின்னர்தான் நாட்டைவிட்டுச் சென்றிருந்தால், இப்பாதுகாப்பு அவருக்குக் கிடைப்பது கடினம்.

இரண்டாவது, வெளிநாட்டில் இருந்த உரிமையாளர் இறந்துவிட்டால், அவர் இறந்த நாளிலிருந்து பத்து ஆண்டுக் கணக்கு ஓடத் தொடங்குகிறது. அவரது பிள்ளையும் வெளிநாட்டில்தான் வாழ்கிறார் என்பதற்காகச் சட்டம் மேலதிக அவகாசம் தருவதில்லை. தந்தையின் இல்லாமை தந்தையோடு முடிந்துவிடுகிறது. தந்தையின் அந்தியேட்டிக் கிரியைகள் முடிந்த கையோடு காணியின் கடிகாரம் தொடங்கிவிட்டது என்பதை எத்தனை பிள்ளைகள் அறிவர்?

மூன்றாவது, உரிமையாளர் எங்கு வாழ்ந்தாலும், எத்தகைய இயலாமைக்கு உட்பட்டிருந்தாலும், மாற்றாரின் உரிமைகோரலும் இடையூறற்ற ஆட்சியும் 30 ஆண்டுகள் தொடர்ந்திருந்தால் அதுவே உரித்துக்கு முடிந்த முடிபான சான்றாகும் என்று அதே பிரிவு விதிக்கிறது. 1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமம் மக்கள் ஒரே இரவில் தென்மராட்சி நோக்கிப் பெயர்ந்தனர். 1996 இல் திரும்பி வந்தவர்களுள் சிலர் தம் வீட்டிலும், சிலர் வெறுமையாகக் கிடந்த அயலவர் வீட்டிலும் குடியேறினர். அன்று தொடங்கிய ஆட்சி இன்று முப்பது ஆண்டு என்ற எல்லையைத் தொட்டு நிற்கிறது. 1980 களில் கைவிடப்பட்ட காணிகளில் அந்த எல்லை ஏற்கனவே கடந்துபோயிருக்கக் கூடும்.

குடியிருப்பவர் யார்?

எனினும் காணியில் ஒருவர் நீண்டகாலம் இருந்தார் என்பதனால் மட்டும் காணி அவருக்குச் சொந்தமாகிவிடாது. எந்த நிலையில் இருந்தார் என்பதே கேள்வி. உரிமையாளரின் அனுமதியுடன் காவலுக்கு இருந்தவர், வாடகைக்கு இருந்தவர், குத்தகைக்குச் செய்தவர் ஆகியோரின் ஆட்சி உரிமையாளருக்கு மாறானதாகக் கருதப்படுவதில்லை. அவர்கள் உரிமையாளரின் உரிமையை மறுத்து வெளிப்படையாக நடந்துகொண்ட நாளிலிருந்தே கடிகாரம் ஓடும்.

உடன்பங்காளர்களுக்கிடையிலும் இவ்வாறே. ஒரு பங்காளரின் ஆட்சி சட்டத்தின் பார்வையில் எல்லாப் பங்காளர்களின் ஆட்சியாகும் என்றும், மற்றவர்களை வெளியேற்றியமைக்கு ஒப்பான செயல் நிகழாமல் அவர் தனியுரிமை பெற முடியாது என்றும் 1911 ஆம் ஆண்டில் கோரெயா எதிர் இசெரிஸ் அப்புகாமி என்ற வழக்கில் பிரித்தானியக் கோமறைக் கழகம் தீர்ப்பளித்தது. ஊரில் இருக்கும் மச்சான் காணியைப் பார்த்து வருவதனால் மட்டும் அது மச்சானுக்குப் போய்விடாது. ஆனால் மிக நீண்ட காலம் எவரும் கேள்வி கேட்காமல் இருந்தால், அத்தகைய வெளியேற்றம் நிகழ்ந்ததாக நீதிமன்றம் ஊகித்துக் கொள்ளலாம் என்பதையும் 1918 ஆம் ஆண்டின் திலகரத்ன எதிர் பஸ்தியன் வழக்குத் தீர்ப்புக் காட்டுகிறது.

ஆகவே அனுமதிக்குச் சான்று வேண்டும். "நீங்கள் இருங்கோ அண்ணை, நாங்கள் வரும்வரை பாருங்கோ" என்று வாசலில் நின்று சொன்ன வார்த்தைக்கு, சொன்னவரும் கேட்டவரும் உயிரோடிருக்கும் வரைதான் பெறுமதி. அதே வார்த்தை ஒரு கடிதமாக, ஆண்டுக்கொரு வாடகைப் பற்றுச்சீட்டாக, பிரதேச சபைக்கு உரிமையாளரின் பெயரில் செலுத்திய வரிச் சீட்டாக இருந்தால், ஒரு தலைமுறை கழிந்த பின்னரும் நீதிமன்றத்தில் பேசும்.

வழக்கின் வாசல்கள்

காணிப் பிணக்கு என்றதும் ஒரேயொரு வழக்குத்தான் உண்டு என்று பலர் எண்ணுகின்றனர். உண்மையில் பல வாசல்கள் உள்ளன; ஒவ்வொன்றுக்கும் வேறு வேறு கால எல்லையும் வேறு வேறு நோக்கமும் உண்டு.

காணியிலிருந்து ஒருவர் பலவந்தமாக வெளியேற்றப்பட்டு, அமைதிக்குப் பங்கம் நேரும் நிலை ஏற்பட்டால், 1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்றங்கள் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66 ஆம் பிரிவின் கீழ் விடயம் நீதவான் முன் செல்கிறது. அங்கே உரித்து யாருக்கு என்பது தீர்மானிக்கப்படுவதில்லை. ஆட்சியில் இருந்தவர் யார் என்பதே ஆராயப்படுகிறது. வழக்குப் பதியப்படுவதற்கு முந்திய இரண்டு மாதங்களுக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவரை மீண்டும் ஆட்சியில் அமர்த்த நீதவான் கட்டளையிடலாம். ஊரில் மதில் உடைக்கப்பட்டது என்ற செய்தி தொலைபேசியில் வந்ததும், "வருகிற கோடை விடுமுறைக்குப் போய்ப் பார்ப்போம்" என்று இருப்பவர் இந்த வாசலை இழந்துவிடுகிறார்.

உரித்தையே நிலைநாட்ட விரும்புபவர் மாவட்ட நீதிமன்றத்துக்குச் செல்ல வேண்டும். வடக்கில் யாழ்ப்பாணம், மல்லாகம், பருத்தித்துறை, சாவகச்சேரி முதலிய இடங்களில் இந்நீதிமன்றங்கள் இயங்குகின்றன. இங்கே வழக்காளி தம் உரித்தின் வலிமையால்தான் வெல்ல வேண்டும். எதிராளியின் உரித்து வலுவற்றது என்று காட்டுவது போதாது. தந்தைக்குக் காணி எப்படி வந்தது, தந்தைக்குக் கொடுத்தவருக்கு எப்படி வந்தது என்று உறுதிகளைச் சங்கிலிபோல் கோத்துக் காட்டுதல் வேண்டும். உறுதியில் சொல்லப்பட்ட காணியும் நிலத்தில் கிடக்கும் காணியும் ஒன்றே என்பதை நில அளவையாளரின் வரைபடம் நிறுவ வேண்டும். பனையும் பூவரசும் எல்லையாக எழுதப்பட்ட பழைய உறுதிகளில், அந்தப் பனையும் பூவரசும் ஷெல்லடியில் போய்விட்ட பின்னர், இது இலேசான காரியம் அன்று.

மூன்றாவது வாசல் பாகப்பிரிவினை வழக்கு. 1977 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் கீழ் எந்த உடன்பங்காளரும் இவ்வழக்கைத் தொடுக்கலாம். இதன் தீர்ப்பு மற்றைய தீர்ப்புகளைப் போன்றது அன்று. வழக்கில் தரப்பாக இருந்தவர்களை மட்டுமன்றி முழு உலகையும் அது கட்டுப்படுத்தும். பங்குகளைக் காட்டும்போது வெளிநாட்டில் இருக்கும் ஒருவரின் பெயர் விடுபட்டுப் போனால், தீர்ப்பின் பின்னர் அவருக்கு எஞ்சுவது மிகக் குறுகிய பரிகாரங்களே. பெரும்பாலும் இழப்பீட்டு உரிமை மட்டுமே. வழக்கு நிலுவையில் உள்ளது என்பது காணிப் பதிவேட்டிலும் பதியப்பட வேண்டும் என்பது சட்டம். எனவே ஆண்டுக்கொரு முறை பதிவேட்டைப் பார்ப்பவருக்கு இந்த ஆபத்து முன்கூட்டியே தெரிந்துவிடும்.

இவற்றுடன், கள்ள உறுதியை வலுவற்றதென அறிவிக்கக் கோரும் வழக்குகளும் உண்டு. அவற்றுள் சிலவற்றின் வேர் அற்றோர்னித் தத்துவத்தில் இருக்கிறது. வங்கி அலுவல் ஒன்றுக்காக எழுதிக் கொடுத்த பொது அற்றோர்னித் தத்துவத்தில் காணி விற்கும் அதிகாரமும் சேர்ந்திருப்பதை, கையெழுத்திட்டவர் கவனிப்பதில்லை. எழுதிக் கொடுத்தவர் இறந்ததும் அத்தத்துவம் செயலிழக்கிறது என்பதை, அதை வைத்திருப்பவர் சொல்வதுமில்லை. எந்தக் காணிக்காக, எந்த அலுவலுக்காக, எவ்வளவு காலத்துக்கு என்று வரையறுத்து எழுதுவதே பாதுகாப்பானது.

கூட்டாகச் சென்றபோது

தனியாரோடு மட்டுமன்றி அரசோடும் காணிப் பிணக்கு உண்டு. அங்கேயும் நீதிமன்றம் பயனற்றுப் போகவில்லை என்பதைக் கடந்த இரு தசாப்தங்கள் காட்டுகின்றன.

வலிகாமம் வடக்கின் உயர் பாதுகாப்பு வலயம் தொடர்பில் 2003 இல் மாவை சேனாதிராசா உச்ச நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்தார். 2013 ஏப்ரலில், அப்பகுதியின் 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிப்பதற்கான அறிவித்தல், 1950 ஆம் ஆண்டின் காணி எடுத்தற் சட்டத்தின் 2 ஆம் பிரிவின் கீழ் ஒட்டப்பட்டது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட காணிச் சொந்தக்காரர்கள் மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடினர். வழக்குகள் இழுபட்டன, 2015 இன் பின்னர் காணிகள் கட்டங்கட்டமாக விடுவிக்கப்பட்டன, முழுவதும் விடுபட்டுவிடவில்லை. ஆயினும் சொந்தக்காரர்கள் பெயரோடும் உறுதியோடும் பதிவில் நின்றமையால், "உரிமை கோருவார் இல்லை" என்ற வாதம் எழ முடியாமற் போனது.

2025 மார்ச் 28 இல் வெளியான வர்த்தமானி இந்தப் பாடத்தை மீண்டும் கற்பித்தது. 1931 ஆம் ஆண்டின் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின் 4 ஆம் பிரிவின் கீழ், வட மாகாணத்தின் 5,900 ஏக்கருக்கும் மேற்பட்ட காணிகளுக்கு மூன்று மாதங்களுக்குள் உரிமை கோரப்படாவிட்டால் அவை அரச காணிகளாகப் பிரகடனப்படுத்தப்படும் என்று அது அறிவித்தது. நாடு நாடாகச் சிதறிய மக்களுக்கு மூன்று மாதம்! எதிர்ப்பு எழுந்தது. அரசு அதனை மீளப்பெறுவதாக அறிவித்தது. சட்டத்தரணி ம.ஆ. சுமந்திரன் தாக்கல் செய்த மனுவில், அவகாசம் முடியும் தறுவாயில், யூன் 27 ஆம் திகதி உச்ச நீதிமன்றம் இடைக்காலத் தடையுத்தரவு பிறப்பித்தது. வழக்கு இல்லையேல் அறிவிப்பு மட்டும் எவ்வளவு தூரம் காத்திருக்கும் என்பது சிந்திக்கத்தக்கது.

அதேவேளை, அந்த மூன்று மாதங்களில் புலம்பெயர் நாடுகளில் எத்தனை குடும்பங்கள் தம் உறுதியை எடுத்து, தம் காணி அந்தப் பட்டியலில் உள்ளதா என்று பார்க்கக்கூடிய நிலையில் இருந்தன என்ற கேள்வியும் எழவேண்டும்.

2016 இன் சட்டமும் மூடிய வாசலும்

போரினால் காணிக்கு வரமுடியாதவர்களுக்கு எதிராகக் கடிகாரம் ஓடியது அநீதி என்பதை இலங்கைப் பாராளுமன்றமே ஏற்றுக்கொண்டது. 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்க ஆட்சியுரிமை (விசேட ஏற்பாடுகள்) சட்டம் அதற்காகவே இயற்றப்பட்டது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தில் தம் உரிமையை நிலைநாட்ட முடியாதிருந்தவர்கள் வழக்குத் தொடுத்தால், அந்தக் காலம் எதிராளியின் ஆட்சிக் கணக்கில் சேராது என்று அது கூறியது.

நோக்கம் நல்லது. ஆனால் வழக்கை, சட்டம் நடைமுறைக்கு வந்து இரண்டு ஆண்டுகளுக்குள் தொடுத்துவிட வேண்டும் என்று அது நிபந்தனை விதித்தது. இருபத்தாறு ஆண்டு இழப்புக்கு இரண்டு ஆண்டு அவகாசம். அந்த அவகாசம் 2018 இல் முடிந்தபோது, அப்படியொரு சட்டம் இருந்ததையே புலம்பெயர்ந்தோர் பலர் அறிந்திருக்கவில்லை. மேலும், ஆயுதக் குழுக்களின் செயல்களால் தடைப்பட்டவர்களையே அச்சட்டம் குறிப்பிட்டது. இராணுவத்தின் பாதுகாப்பு வலயத்தால் வெளியே நிறுத்தப்பட்டவரும், குண்டுவீச்சுக்கு அஞ்சி ஓடியவரும் அந்த வரையறைக்குள் எவ்வாறு வருவர் என்ற கேள்விக்குச் சட்டத்தின் சொற்களில் தெளிவான விடை இல்லை.

இந்த அவகாசம் மீண்டும் திறக்கப்பட வேண்டும். போதிய ஆண்டுகளுக்குத் திறக்கப்பட வேண்டும். எவரால் இடம்பெயர்ந்தார் என்ற பாகுபாடின்றி, போரினால் தடைப்பட்ட அனைவருக்கும் திறக்கப்பட வேண்டும். முஸ்லிம் மக்கள் 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டதனால் இழந்த காணிகளுக்கும் இதே நியாயம் பொருந்தும். புலம்பெயர் அமைப்புகள் தம் நாட்டு அரசியலாளரிடமும், தாயகப் பாராளுமன்ற உறுப்பினரிடமும் வைக்கத்தக்க தெளிவான, எளிதில் நிறைவேற்றக்கூடிய கோரிக்கை இது. பெரிய அரசியல் தீர்வு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

நீதி யாருக்கு?

இந்த இடத்தில் மனச்சாட்சியின் குரலையும் கேட்டாக வேண்டும். புலம்பெயர்ந்தவரின் காணியில் இன்று குடியிருப்பவர் எல்லோரும் கள்ள உறுதி முடித்தவர்கள் அல்லர். தம் சொந்தக் காணியை வலயத்துக்குப் பறிகொடுத்து, போக்கிடமின்றி வந்து, கிணற்றை இறைத்து, மதிலைக் கட்டி, முப்பது ஆண்டுகளாக அங்கேயே பிள்ளைகளை வளர்த்தவர்களும் இருக்கின்றனர். வெளிநாட்டிலிருந்து வந்த பணத்தின் பலத்தால் அத்தகைய குடும்பம் ஒன்றைத் தெருவில் நிறுத்துவது சட்டப்படி வெற்றியாக இருக்கலாம். சமூகத்தின்படி தோல்வியே ஆகும்.

நீதிமன்றத்தை நாடுவது என்பதன் பொருள் எதிராளியை அழிப்பது அன்று. உரிமையை ஏற்றுக்கொண்டு வாடகைக்கு இருக்க அவர் உடன்படலாம். ஒரு பங்கை அவருக்கே நியாயமான விலைக்குக் கொடுக்கலாம். இத்தகைய இணக்கத்தை வழக்கின் நடுவிலும் நீதிமன்றில் பதிந்து தீர்ப்பாக்கிக் கொள்ள முடியும். 2003 ஆம் ஆண்டின் விசேட மத்தியஸ்த சபைகள் சட்டத்தின் கீழ், காணிப் பிணக்குகளுக்கென்றே மத்தியஸ்த சபைகள் வடக்கு, கிழக்கின் சில மாவட்டங்களில் அமைக்கப்பட்டுள்ளன. உறவினருக்கிடையிலான பிணக்குக்கு அதுவே முதற்படியாக இருக்கத் தகும்.

"வழக்கு என்று போனால் என் காலத்தில் முடியாது" என்று முதியவர்கள் சொல்வதிலும் உண்மை உண்டு. மாவட்ட நீதிமன்றம், குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம் என்று ஒரு தலைமுறையை விழுங்கிய காணி வழக்குகள் இருக்கவே செய்கின்றன. செலவும் சிறிதன்று. ஆனால் வழக்குக்கு மாற்றாக ஊரில் இப்போது முன்வைக்கப்படுவது என்ன? தரகரும் அடியாளும் அரசியல்வாதியின் கடிதமும். அவற்றால் பெற்ற காணி அடுத்த தரகராலும் அடுத்த அடியாளாலும் போகும். காலதாமதமானாலும் நீதிமன்றத் தீர்ப்பு மட்டுமே பதிவேட்டில் ஏறி நிற்கும்.

பெற்றோரும் பிள்ளைகளும்

வெளிநாட்டுக் குடியுரிமை பெற்றதும் ஊர்க்காணியில் உரிமை போய்விட்டது என்று இளையோரிடையே ஒரு தவறான எண்ணம் பரவியிருக்கிறது. 2014 ஆம் ஆண்டின் 38 ஆம் இலக்கச் சட்டம் வெளிநாட்டவருக்குக் காணி கைமாற்றுவதைக் கட்டுப்படுத்துகிறது என்பது உண்மையே. ஆனால் நெருங்கிய உறவினரிடமிருந்து உரித்து வழியாக இறங்கும் காணிக்கு அதில் விதிவிலக்கு உண்டு. கனடாவில் பிறந்த மகளுக்கும் தாயின் சீதனக் காணி இறங்க முடியும். இறங்கிய பின்னர் அதை அவர் பேணுவாரா என்பதே கேள்வி.

செய்ய வேண்டியவை பெரிய காரியங்கள் அல்ல. பெற்றோர் உயிரோடும் நினைவோடும் இருக்கும் போதே ஒரு மாலைப்பொழுதில் பிள்ளைகளை இருத்தி, உறுதிகளை மேசையில் விரித்து, காணியின் பெயர், எல்லைகள், யாரிடமிருந்து வந்தது, இப்போது யார் இருக்கிறார், எந்த நிபந்தனையில் இருக்கிறார் என்பவற்றை எழுதிக்கொள்ள வேண்டும். உறுதிகளைப் படியெடுத்து ஒவ்வொரு பிள்ளையிடமும் ஒரு பிரதி வைக்க வேண்டும். பதிவேட்டுப் பிரதியை எடுத்து ஒப்புநோக்க வேண்டும். அடுத்த முறை ஊருக்குப் போகும்போது, நல்லூர்த் திருவிழாவுக்கு ஒதுக்கும் நாட்களில் ஒன்றை நில அளவையாளருக்கும் ஒன்றைச் சட்டத்தரணிக்கும் ஒதுக்க வேண்டும். மரணசாதனம் எழுதுவது அபசகுனம் அன்று. எழுதாமல் விடுவதே பிள்ளைகளுக்கிடையில் வழக்கை விதைப்பது. ஒவ்வொரு காணிக்கும் வரலாறு வேறாகையால், முடிவெடுக்கு முன் அந்தந்தக் காணியின் ஆவணங்களைச் சட்டத்தரணி ஒருவர் பார்த்தாக வேண்டும்.

நிலத்தின்மேல் கொண்ட பற்றைப் புலம்பெயர்ந்த மண்ணில் மேடைகளில் முழங்குவது எளிது. அந்த நிலத்தின் தொகுதி எண்ணையும் பக்க எண்ணையும் அறிந்திருப்பது அதைவிடக் கடினமானது. பயன் தருவதும் அதுவே. தாயகத்தின் நிலம் என்பது இறுதியில் இரண்டு பரப்பு, மூன்று பரப்பு என்று ஒவ்வொரு குடும்பத்தின் பெயரிலும் பதியப்பட்ட துண்டுகளின் கூட்டுத்தொகைதான். ஒவ்வொரு துண்டாகப் பதிவிலிருந்து நழுவினால், ஒருநாள் கூட்டுவதற்கு எதுவும் எஞ்சியிராது.

உறுதிகள் அலுமாரிக்குள் உறங்கலாம். காலம் உறங்குவதில்லை. இந்த வார இறுதியில் அந்த அலுமாரிகள் திறக்கப்படட்டும்.